லூர்தக்கா எண்ணிய புளியமரங்கள்

லூர்தம்மாள் என்று பெயர் சொல்லிக் கேட்டால் எங்கள் ஊரில் பாதிப் பேருக்குத் தெரியாது. தேமல் டாக்டர் வீடு எது என்று கேட்டால் சின்னப் பிள்ளைகூடக் கைகாட்டும். அந்தப் பட்டத்தைக் கட்டிவிட்டவர்களில் நானும் ஒருவன். நேரில் பார்த்தால் மட்டும் லூர்தக்கா என்பேன்.

திண்டுக்கல்லிலிருந்து வத்தலக்குண்டு பஸ்ஸில் வந்து எங்கள் விலக்கில் இறங்கினால், ஊருக்குள் போகிற ரோட்டின் ஒரு பக்கம் முழுக்கப் புளியமரங்கள். மொத்தம் இருபத்து நான்கு. நடுவில் ஊர். ரோடு முடிகிற உள்கடைசியில் ஈயக் கம்பெனி. பழைய கார் பேட்டரி, லாரி பேட்டரியை உடைத்து உள்ளே இருக்கிற ஈயத்தை உருக்குவார்கள். தொண்ணூற்றேழில் வந்தது. கம்பெனி கேட் பக்கம் இருப்பது ஒன்றாம் மரம். விலக்கில் பஸ்ஸுக்கு நிழல் தருவது இருபத்து நான்காம் மரம். என் வீடு ஒன்பதாம் மரத்துக்கு எதிரே. மரங்களுக்கு இப்படி நம்பர் போட்டது லூர்தக்காதான்.

அவர் புருஷன் டவுனில் ஒரு காலேஜில் செடிகொடி படிக்கிற பிரிவில் அட்டெண்டராக இருந்தார். எழுபத்திரண்டில் மஞ்சள் காமாலையில் போய்விட்டார். பிள்ளை இல்லை. காலேஜ்காரர்கள் இரக்கப்பட்டு அந்த வேலையை அக்காவுக்குக் கொடுத்தார்கள். கண்ணாடிக் குடுவை கழுவுவது, பெஞ்சு துடைப்பது, பேராசிரியர்கள் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு சிறுமலைக்குப் போனால் பின்னாலேயே பையைச் சுமந்துகொண்டு போவது. இருபத்தேழு வருஷம் இதுதான் வேலை. ஒரு பேராசிரியர் மரப்பட்டையில் ஒட்டியிருக்கிற பாசியைப் பற்றியே ஆராய்ச்சி செய்துகொண்டிருந்தார். அவருக்குக் கத்தி எடுத்துக் கொடுத்து, கவரில் போட்டு, பெயரெழுதி ஒட்டி, பதினொரு வருஷத்தில் அக்கா அந்தப் பாசிகளை அவரைவிட வேகமாகக் கண்டுபிடிக்க ஆரம்பித்துவிட்டார். ஆராய்ச்சி புஸ்தகமாக வந்தபோது டீ வாங்கிக் கொடுத்தவருக்குக்கூட நன்றி போட்டிருந்ததாம். அக்கா பெயர் இல்லை.

"மறந்திருப்பாருக்கா" என்று ஒருநாள் சமாதானம் சொன்னேன்.

"டீக்காரன் ஞாபகம் இருந்திருக்குல்ல?" என்றார்.

வேலை முடிந்து ஊரோடு வந்து உட்கார்ந்தது தொண்ணூற்றொன்பதில். அந்தக் கார்த்திகை மழை விட்டதும் கம்பிச் சட்டம் ஒன்றோடு ரோட்டில் இறங்கினார். சட்டத்துக்குள் நூல் கட்டிச் சின்னச் சின்னக் கட்டங்கள். அதை மரத்தில் நெஞ்சு உயரத்துக்கு வைத்து, எத்தனை கட்டத்தில் பாசி இருக்கிறது என்று எண்ணுவார். கிழக்கு, மேற்கு, வடக்கு, தெற்கு, நாலு பக்கமும். எண்ணியதை நோட்டில் எழுதுவார். இருபத்து நான்கு மரத்துக்கும் நாலு நாள் ஆகும். அடுத்த வருஷமும் இதேதான். அதற்கடுத்த வருஷமும்.

பாசி என்றால் குளத்துப் பாசி மாதிரி வழுவழுவென்று இருக்காது. சாம்பலும் பச்சையும் கலந்த நிறத்தில், பட்டையோடு பட்டையாக, வட்ட வட்டமாகப் படர்ந்திருக்கும். மனுஷன் முதுகில் தேமல் விழுந்த மாதிரியே இருக்கும். அதனால்தான் அந்தப் பட்டப்பெயர். பிரியாணிக்குப் போடுகிற கல்பாசி இருக்கிறதே, அதற்கு இது பங்காளி முறை என்று அக்கா சொன்னபோது எனக்குக் குமட்டியது.

"சீ, இது மரத்துச் சீக்குக்கா" என்றேன்.

"சீக்கு மரத்துக்கு இல்லடா அப்பு. ஒனக்குத்தான் வரப்போகுது."

அதற்கு மேல் சொல்லமாட்டார். அவர் பேச்சே அப்படித்தான். பாதியை முழுங்கிவிடுவார்.

கம்பெனிப் புகையைப் பற்றி ஊரில் புகார் இல்லாமல் இல்லை. வாயில் காசைக் கடித்த மாதிரி ஒரு ருசி வரும். கண் எரியும். மனு கொடுத்தோம். மூன்று தடவை டவுன் ஆபீஸிலிருந்து மிஷின் கொண்டுவந்து பள்ளிக்கூட மாடியில் வைத்துக் காற்றைப் பிடித்துப் பார்த்தார்கள். மூன்று தடவையும் அன்றைக்குக் கம்பெனி லீவு. காற்று நல்ல காற்று என்று எழுதிவிட்டுப் போனார்கள்.

கிராம சபைக் கூட்டத்தில் ஒரு தடவை அக்கா எழுந்து, கம்பெனிப் பக்கத்து மரங்களில் பாசி செத்துப்போச்சு, வருஷா வருஷம் சாவு ஊரைப் பார்த்து வருது என்று சொன்னார். ஊராட்சித் தலைவர் முத்துக்கிருஷ்ணன் சிரித்துவிட்டார்.

"அப்பப் புகை நல்லதுதானக்கா? கம்பெனிப் பக்கம் மரமெல்லாம் மொழுமொழுன்னு இருக்கு. ஒங்க வீட்டுப் பக்கந்தான் தேமல். தலைவருங்கிற முறையில நான் அங்குட்டும் கொஞ்சம் பொகைய விடச் சொல்றேன்."

கூட்டமே சிரித்தது. நானும்தான். அக்கா உட்கார்ந்துவிட்டார். அதற்குப் பிறகு யாரிடமும் பாசியைப் பற்றி வாய் திறக்கவில்லை. இரண்டாயிரத்து மூன்று கார்த்திகையில் மட்டும் என் வீட்டு வாசலில் நின்று, சட்டத்தை இறக்கிவைத்துவிட்டுச் சொன்னார்:

"ஒன் வீட்டு மரம் போச்சு சடையாண்டி. இந்த வருசம் ஒன்பதாம் மரம் சைபர்."

எனக்கு அது உறைக்கவில்லை. உறைக்க வைத்தது என் பேத்தி.

என் மகள் ஆனந்தியைச் சின்னாளப்பட்டியில் தறி வைத்திருக்கிற வீட்டில் கொடுத்திருக்கிறோம். இரண்டாயிரத்து ஐந்து தை மாதம் திண்டுக்கல் ஆஸ்பத்திரியில் பெண் குழந்தை பிறந்தது. ஹரிணி. பேத்தி வருவதற்கு முன்னால் நான் என்ன சந்தோஷத்தைக் கண்டேன் என்று யோசித்துப் பார்த்தால் ஒன்றும் ஞாபகம் வரமாட்டேன் என்கிறது. தும்மினாள் என்றால் ஊருக்கே போய்ச் சொல்லுவேன். கொட்டாவி விட்டாள் என்றால் அதையும் சொல்லுவேன். என் மனைவி சண்முகவள்ளி, "பிள்ளை பெத்தது ஆனந்தியா நீயா?" என்று கேட்டாள்.

வழக்கப்படி மூன்று மாதம் எங்கள் வீட்டில் இருக்கவேண்டும். இருபத்தைந்தாம் நாள் குழந்தைக்கு இருமல் வந்தது. பிறகு மூச்சு வாங்கும்போது நெஞ்சில் விசில் சத்தம். ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடினோம். டாக்டரம்மா கேட்ட முதல் கேள்வி, "வீட்டுப் பக்கத்துல புகை எதுவும் வருதா?" நாற்பதாம் நாள் மாப்பிள்ளை ஆட்டோ கொண்டுவந்துவிட்டார்.

"தப்பா நெனைக்காதீங்க மாமா. அந்தப் புகை நிக்கட்டும். அதுக்கப்புறம் நானே கொண்டாந்து விடுறேன். அதுவரைக்கும் பிள்ளை இந்த வீட்டு வாசப்படி மிதிக்காது."

நான் சண்டை போட்டேன். மரியாதை இல்லாமல்கூடப் பேசிவிட்டேன். ஆட்டோ போய்விட்டது. தொட்டில் சேலை உத்திரத்தில் சும்மா தொங்கியது.

மறுநாள் லூர்தக்கா வீட்டுக்குப் போய் நின்றேன். "என்னக்கா செய்யணும்? சொல்லு, செய்யுறேன்."

அதிலிருந்து ஒவ்வொரு திங்கட்கிழமையும் இரண்டு பேரும் கலெக்டர் ஆபீஸ் மனுநாளுக்குப் போனோம். இந்த மேஜைக்குப் போ, அந்த மேஜைக்குப் போ. ஒன்பதாவது திங்களில் அதிர்ஷ்டம் திரும்பியது. சின்ன வயசு ஆபீசரம்மா ஒருத்தர், காலேஜில் செடிகொடி படித்தவராம், என்னை வராந்தாவில் நிறுத்திவிட்டு அக்காவை மட்டும் உள்ளே உட்காரவைத்துக் கேட்டார். வியாழக்கிழமை நேரில் வந்து மரங்களைப் பார்க்கிறேன் என்றாராம். வரும் வழியில் பஸ்ஸில் அக்கா என்னிடம் சொன்னது இவ்வளவுதான்:

"வியாழக்கிழமை மரம் பாக்க வாராங்க. ஊருக்குள்ள மூச்சு விடாத. நான் வத்தலக்குண்டுல தங்கச்சியைப் பாத்துட்டு அன்னைக்குக் காலைல வந்துருவேன்."

நான் வெள்ளையடிக்கிறவன். திருவிழா என்றால், மந்திரி வருகிறார் என்றால், மரத்துக்குச் சுண்ணாம்பு அடித்துக் காவிப்பட்டை போட என்னைத்தான் கூப்பிடுவார்கள். ஆபீசர் வருகிறார், அதுவும் மரம் பார்க்க வருகிறார், மரங்களோ தேமலும் தூசியுமாக நிற்கின்றன. என் பேத்திக்காக வருகிறவருக்கு என் கையால் நான் செய்யக்கூடிய மரியாதை வேறு என்ன இருக்கிறது? எண்ணிக்கை எல்லாம்தான் அக்கா நோட்டில் பத்திரமாக இருக்கிறதே. எழுத்தில் இருப்பதுதானே சாட்சி என்று நினைத்தேன். மரம் வெறும் மரம்தானே.

தலைவரிடம் போய், என்ன விஷயம் என்று சொல்லாமல், ஆபீசர் யாரோ வருகிறார்கள், சுண்ணாம்பு வேண்டும் என்று கேட்டேன். ஊராட்சி ஆபீஸில் கிடந்த மூட்டைகளைக் கொடுத்தார். அவர் திட்டம் போட்டுக் கொடுத்தார் என்று இன்றைக்கும் ஊரில் பேசுகிறார்கள். இல்லை. யோசனை என்னுடையது.

புதன்கிழமை விடிந்ததிலிருந்து வேலை. சண்முகவள்ளி சுண்ணாம்பு கரைத்துக் கொடுத்தாள். அரைகுறை வேலை எனக்குப் பிடிக்காது. சுண்ணாம்பு பிடிக்கவேண்டும் என்றால் பட்டை சுத்தமாக இருக்கவேண்டும். கம்பி பிரஷ்ஷை வைத்து, கை எட்டுகிற உயரம் வரைக்கும், ஒவ்வொரு மரத்தையும் நாலு பக்கமும் தேய்த்து எடுத்துவிட்டுத்தான் அடித்தேன். இரண்டு கோட்டிங். நடுவில் காவிப்பட்டை. சாயங்காலம் விலக்கில் நின்று திரும்பிப் பார்த்தபோது இருபத்து நான்கும் பள்ளிக்கூடப் பிள்ளைகள் மாதிரி வரிசையாக நின்றன.

வியாழக்கிழமை காலை பஸ்ஸிலிருந்து லூர்தக்கா இறங்கினார். நான் சிரித்துக்கொண்டே பக்கத்தில் போனேன். அவர் என்னைப் பார்க்கவில்லை. இருபத்து நான்காம் மரத்தைப் பார்த்தார். இருபத்து மூன்றைப் பார்த்தார். கையை வைத்தார். உள்ளங்கை வெள்ளையாக வந்தது.

"யாரு செஞ்சது?"

"நாந்தான்கா. எப்பிடி இருக்கு?"

"சுண்ணாம்பு மட்டுமா, தேச்சியா?"

"தேய்க்காம எப்பிடிக்கா பிடிக்கும்?"

ரோட்டோரக் கல்லில் உட்கார்ந்துவிட்டார். "கம்பெனிக்காரன் வந்து சொரண்டிருவான்னு பயந்துதானடா ஊருக்குள்ள சொல்லாம வச்சிருந்தேன். ஒங்கிட்டகூடச் சொல்லல. கடைசில நீயே சொரண்டிட்டயே."

அப்போதுதான் எனக்கு முழுசாகச் சொன்னார். அந்தப் பாசிக்கு வேர் கிடையாது. காற்றிலும் மழையிலும் வருவதைத்தான் அது தின்று பிழைக்கிறது. ஈயக் கம்பெனிப் புகை வந்தால் அதையும் தின்று சாகிறது. மிஷின் வருகிற அன்றைக்குக் கம்பெனியை மூடலாம். பாசிக்கு மூடிக் காட்ட முடியாது. அது வருஷம் முன்னூற்று அறுபத்தைந்து நாளும் அங்கேயே ஒட்டிக்கொண்டு இருக்கிறது. தொண்ணூற்றொன்பதில் நாலாம் மரம் வரைக்கும் சைபர். போன கார்த்திகையில் பதினொன்று வரைக்கும். அந்தச் சைபர் வரிசையைத்தான் ஆபீசருக்குக் காட்டவேண்டும். ஆபீசர் பார்க்க வருவதே தேமலைத்தான்.

ஜீப் வந்தது. ஆபீசரம்மா இறங்கி வரிசையைப் பார்த்தார்.

"எல்லா மரத்துலயும் பெயிண்ட் அடிச்சிருக்கே?"

"சுண்ணாம்பு மேடம். பெயிண்ட் இல்ல" என்றேன். அந்த நேரத்திலும் வாய் சும்மா இருக்கவில்லை.

அக்கா நோட்டை நீட்டினார். ஆபீசரம்மா நின்றபடியே வெகுநேரம் புரட்டினார்.

"அருமையா எழுதியிருக்கீங்கம்மா. ஆனா இத மட்டும் வச்சு நான் ஒண்ணும் பண்ண முடியாது. யார் எண்ணினது, என்ன படிச்சிருக்காங்கன்னு கம்பெனி வக்கீல் கேப்பாரு. நான் கண்ணால பாத்து, அளந்து, போட்டோ எடுத்தாத்தான் ரிப்போர்ட்டு."

"மேல கொப்புல பாசி இருக்கு மேடம், ஏணி கொண்டாரேன்" என்று ஓடப் பார்த்தேன்.

"நில்லுடா" என்றார் அக்கா. "கொப்புல வெயிலு வேற, காத்து வேற. நெஞ்சு உசரத்துல எண்ணுனாத்தான் கணக்கு. நமக்கு வேணுங்கிறதுக்காகக் கணக்க மாத்த முடியுமா?"

தன் பக்கம் தோற்கும்போதும் சரியாகத்தான் தோற்பேன் என்கிற மனுஷி. எனக்கு அழுகையும் ஆத்திரமும் ஒன்றாக வந்தது.

"திரும்ப வளர எவ்வளவு நாளாகும்?" என்று ஆபீசரம்மா கேட்டார்.

"ஒரு நெல்லு அகலம் படர ஒரு வருசம் ஆகும்மா. பழைய மாதிரி வரணும்னா நான் இருக்கமாட்டேன்."

ஜீப் திரும்பிப் போனது. சுண்ணாம்பு அன்றைக்கு வெயிலில் கண்ணைக் கூச வைத்தது.

இரண்டு மாதம் அக்கா என்னோடு பேசவில்லை. நான் காலையில் ஒரு தடவை, சாயங்காலம் ஒரு தடவை அவர் வாசலில் போய் நிற்பேன். ஆடி மாதம் ஒருநாள் உள்ளேயிருந்து சத்தம் வந்தது.

"ஒனக்கு மரப்பலகை அறுக்கத் தெரியுமா?"

பேராசிரியர் ஒரு தடவை செய்து பார்த்த வழி ஒன்று இருந்ததாம். நல்ல காற்று இருக்கிற இடத்திலிருந்து பாசியைப் பட்டையோடு பெயர்த்து வந்து, பலகையில் ஒட்டி, புகை வருகிற இடத்தில் கட்டி வைத்தால், பாசி என்ன ஆகிறது என்று மாதக்கணக்கில் தெரிந்துவிடும். பத்து வருஷம் காத்திருக்க வேண்டாம்.

"சிறுமலைக்குப் போயி அள்ளிட்டு வாரேன்கா. மூட்டையா கொண்டாரேன்" என்றேன்.

"மலைப்பாசி இந்த வெயில்ல ஒரு வாரத்துல காஞ்சு செத்துரும். அப்புறம் வெயிலால செத்துச்சுன்னு கம்பெனிக்காரன் சொல்லுவான். நம்ம ஊர் வெயில்ல வளந்ததுதான் வேணும்."

விலக்கைத் தாண்டி ரோட்டுக்கு அந்தப் பக்கம் ஒரு பழைய மாந்தோப்பு. அங்கே கீழே ஒடிந்து கிடந்த கிளைகளில் இருந்து பெயர்த்தோம். இருபத்து நான்கு பலகை அறுத்தேன். ஒவ்வொன்றிலும் நாலு துண்டு பாசி. ஒவ்வொரு மரத்திலும் நெஞ்சு உயரத்தில் கட்டினேன். என்ன இது என்று கேட்டவர்களிடம் திருஷ்டிக்குக் கட்டியிருக்கிறது என்றேன். புளியமரத்தில் திருஷ்டிக்குக் கட்டியதை எங்கள் ஊரில் யாராவது தொடுவார்களா? கம்பெனி லாரிக்காரர்கள்கூட ஒதுங்கிப் போனார்கள். அக்காவுக்குத்தான் கோபம்.

"ஞாயித்துக்கிழமை மாதா கோயில் பூசைக்குப் போறவ நான். என்னயத் திருஷ்டி கட்ட வச்சிட்டயேடா."

இதற்கு நடுவில் ஆபீசரம்மாவை எங்கேயோ மாற்றிவிட்டார்கள். புதிதாக வந்தவர் மனுவை வாங்கிப் பார்த்துவிட்டு, பாசி மனு எல்லாம் இங்கே கிடையாது, புகை மனு என்றால் எழுதிக் கொடுங்கள், மிஷின் அனுப்புகிறோம் என்றார். மிஷின் வந்தது. கம்பெனி லீவு.

ஞாயிற்றுக்கிழமை ஆனால் நான் சின்னாளப்பட்டிக்கு பஸ் ஏறிவிடுவேன். பேத்தி குப்புற விழுந்தாள், தவழ்ந்தாள், தறிச் சத்தத்துக்குத் தலையாட்டினாள். எல்லாவற்றையும் இன்னொரு வீட்டில் விருந்தாளியாக உட்கார்ந்து பார்த்தேன். ஐந்து மணி பஸ்ஸைப் பிடிக்கவேண்டுமே என்கிற நினைப்போடு பார்த்தேன்.

இந்தத் தையோடு அவளுக்கு ஒரு வயசு. மார்கழிக் கடைசியில் மாப்பிள்ளையே மனசு இறங்கி வந்தார். நெஞ்சு சுத்தமாக இருக்கிறது என்று டாக்டர் சொல்லிவிட்டாராம். பிறந்தநாளுக்கு ஆனந்தியும் பிள்ளையும் மூன்று நாள் வந்து இருக்கட்டும் என்றார். சண்முகவள்ளி அன்றைக்கே தொட்டில் சேலையைத் துவைத்து மறுபடி உத்திரத்தில் கட்டிவிட்டாள். நான் டவுனுக்குப் போய்க் கொலுசு பார்த்துவிட்டு வந்தேன்.

மறுநாள் அக்கா பலகைகளைப் பார்க்கக் கூப்பிட்டார். ஆறு மாதம் ஆகியிருந்தது. இருபத்து நான்காம் மரத்தில் பாசி, கட்டும்போது இருந்த நிறத்திலேயே இருந்தது. தண்ணீர் தெளித்ததும் பச்சை காட்டியது. பதினெட்டிலும் அப்படித்தான். பதினைந்தில் ஓரம் வெளுத்திருந்தது. என் வீட்டு எதிரே ஒன்பதாம் மரத்துக்கு வந்தோம். நாலு துண்டும் எலும்பு நிறம். அக்கா தண்ணீர் தெளித்தார். நிறம் மாறவில்லை. விரலால் தொட்டார். உதிர்ந்து என் காலில் விழுந்தது.

"மூணு நாள்தானக்கா?" என்று கேட்டேன்.

"நான் டாக்டர் இல்லடா அப்பு. மூணு நாள்ல பிள்ளைக்கு என்ன ஆகும்னு எனக்குத் தெரியாது. தெரியாதத நான் சொல்லமாட்டேன். இது ஆறு மாசத்துல செத்துச்சு. அம்புட்டுத்தான் தெரியும்."

பொய்யாவது சொல்லியிருக்கலாம். ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, எனக்கு வேண்டியதைச் சொல்லியிருக்கலாம். சட்டத்தை எடுத்துக்கொண்டு எட்டாம் மரத்துக்குப் போய்விட்டார்.

நான் சின்னாளப்பட்டிக்கு பஸ் ஏறினேன். ஞாயிற்றுக்கிழமை இல்லை என்பதால் மாப்பிள்ளை தறியில் இருந்தார். என்னைப் பார்த்ததும் எழுந்து வந்தார்.

"என்ன மாமா, இன்னைக்கே கூட்டிட்டுப் போக வந்துட்டீங்களா?"

"வேணாம் மாப்ள. பிறந்தநாள இங்கயே வச்சுக்குவோம். நாங்க வாரோம்."

ஆனந்தி பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு அப்படியே நின்றாள். "இவரு வேணாம்னப்ப இவரோட சண்டை போட்டயேப்பா. இப்ப நீயே வேணாங்கிறயே."

மரத்தில் கட்டிய பாசி செத்துப்போச்சு, அதனால் என் பேத்தியைக் கொண்டுவராதே என்று சொன்னேன். எனக்கே அது கிறுக்குப் பேச்சாகக் கேட்டது. மாப்பிள்ளை சிரிக்கவில்லை. ஹரிணி எட்டிப் பார்த்து, ஈரக் கையால் என் மீசையைப் பிடித்து இழுத்து, நாலு பல்லும் தெரியச் சிரித்தாள். ஐந்து மணி பஸ்ஸை விட்டுவிட்டு ஆறு மணி பஸ்ஸில் வந்தேன்.

வீட்டில் சண்முகவள்ளி என்னை ஏறிட்டுப் பார்த்தாள். என் முகத்திலேயே தெரிந்துவிட்டது போல. ஸ்டூலைப் போட்டு ஏறி, தொட்டில் சேலையை அவிழ்த்தாள். மடித்துக்கொண்டே கேட்டாள்:

"அந்தக் கம்பெனிக்காரன வையுறதா, இல்ல ஒன்னய வையுறதா?"

"ரெண்டு பேத்தையும் வையி" என்றேன்.

வைதாள்.